ஒட்டவைத்த சிரிப்புகள்

பதினான்கு வருடமாக என் மச்சான் சொல்லும் மொக்கை ஜோக்குகளுக்கு நான்தான் சிரிப்பு ஒட்டுகிறேன். மச்சான் என் மனைவியின் அண்ணன். வாரா வாரம் தொலைக்காட்சியில் வரும் சிரிப்பு நிகழ்ச்சியின் நாயகன். நான் அதன் எடிட்டர். அவர் உளறினால் வெட்டுவேன். கூட்டம் கொட்டாவி விட்டால், வேறு எதற்கோ சிரித்த முகங்களைக் கொண்டுவந்து பொருத்துவேன். ஒரு நாளாவது நன்றி சொல்லியிருப்பாரா அந்த மனுஷன்? மூச்!

செவ்வாய்க்கிழமை காலை புதிய பதிவு வந்தது. மேடையில் மச்சான் ஆரம்பித்தார்: எங்கள் எடிட்டர் இருக்கிறாரே, வீட்டில் குளியலறைக் கதவைச் சாத்தி, வெந்நீர்க் குழாயைத் திறந்துவிட்டு, கண்ணாடிக்கு ஜோக் சொல்லிப் பழகுகிறார், தாங்க முடியாமல் கண்ணாடியே ஆவியால் முகத்தை மூடிக்கொள்கிறது. அரங்கம் அதிர்ந்தது.

எனக்கு உடம்பெல்லாம் கூசியது. அத்தனையும் உண்மை. இருபத்திரண்டு வயதில் மேடையேறி, ஒருவர்கூடச் சிரிக்காமல் இறங்கியவன் நான். அந்த ஆசை இன்னும் சாகவில்லை. இது தெரிந்த ஒரே ஜீவன் என் மனைவி. யாரிடமும் சொல்லாதே என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டிருக்கிறேன்.

இது ஒளிபரப்பானால் என் மானம் சந்தி சிரிக்கும். மச்சானுக்குப் போன் போட்டு, அந்த இடத்தை எடுத்துவிடுகிறேன் என்றேன். மசியவில்லை. யார் சொன்னது என்று கேட்டால், சும்மா கற்பனை என்றார். கற்பனையாம்! சொந்தமாக ஒரு வரி யோசிக்கத் தெரியாதவருக்கு.

“நீங்க சிரிப்பு ஒட்டத் தேவையே இல்லாத ஒரே இடம் அதுதான் மாப்ள,” என்றார். “அதைப் போய் வெட்டுறேங்கிறீங்களே.”

வெட்டியே தீருவது என்று உட்கார்ந்தேன். வெட்டிய இடத்தை மறைக்க யாராவது சிரிக்கும் முகம் வேண்டும். பார்வையாளர் பக்கத்து கேமராவை ஓடவிட்டேன். மூன்றாவது வரிசையில் என் மனைவி. பாவம், துடித்துப்போயிருப்பாள் என்று அவள் முகத்தைத்தான் பார்த்தேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

வேறு எதற்கோ சிரித்ததாக இருக்கும் என்று மனதைத் தேற்றினேன். ஆனால் இது இன்னும் யாரும் கைவைக்காத பதிவு. திரும்ப ஓட்டினேன். மற்றவர்கள் ஜோக் முடிந்த பிறகு சிரித்தார்கள். அவள் சிரிப்பு பதினாறு ஃபிரேம் முன்னாலேயே வந்துவிட்டது, அரை நொடிக்கும் மேல். ஜோக் தெரிந்தவர்கள்தான் அப்படி முந்துவார்கள். அண்ணனும் தங்கையும் என்னைச் சொல்லி ஏற்கெனவே ஒரு தடவை சிரித்து முடித்திருக்கிறார்கள்.

அவளுக்குப் போன் செய்தேன்.

“அண்ணன் ப்ரோக்ராம்ல உனக்கு எந்த இடம் பிடிச்சுது?”

“அப்படி எதுவும் ஞாபகம் இல்லைங்க. ஏன், நல்லா வரலையா?”

“வந்திருக்கு,” என்றேன்.

அதற்குப் பிறகு எதையும் வெட்டவில்லை. ஊர் சிரித்தால் சிரிக்கட்டும். அவள் சிரிப்பை மட்டும் பதினாறு ஃபிரேம் பின்னால் தள்ளி வைத்தேன். இப்போது அவளும் அதை முதல் தடவை கேட்கிறவள் மாதிரியே இருந்தாள். எனக்கும் அப்படித் தோன்றுகிறதா என்று நாலு தடவை ஓட்டிப் பார்த்தேன். தோன்றவில்லை.