மேல்மாடிக் குதிரைக்காரி

1
இந்தக் கதை கல்லறையில் கிடைத்தது. சென்னை வார இதழ் ஆசிரியர் கேட்டார்: "கிரேக்கர்கள் சொன்ன போர்ப்பெண்கள் நிஜமா? தொடராக எழுதுங்கள்."

நிஜமாக இருந்திருக்கலாம். கருங்கடலுக்கு வடக்கே புல்வெளி மேடுகளைத் தோண்டியவர்கள், அம்போடு கிடந்த எலும்பை ஆண் என்றும் முகம்பார்க்கும் கண்ணாடியோடு கிடந்ததைப் பெண் என்றும் குறித்துவைத்தார்கள். பிற்பாடு எலும்பையே சோதித்தால், அம்புக்காரர்களில் பலர் பெண்கள்!

2
"குதிரைமேல் அவள் புயலாக" (விட்டுவிட்டேன். புயல் எல்லார் தொடரிலும் வருகிறது.)

எனக்கு ஒரு முகம் தேவைப்பட்டது. யாங்கோனில், பசுந்தாங் பேட்டையில், என் வீட்டுக்கு மேல்மாடி மக்தலேனாவின் மகள் ரெபேக்காவைத் திருடினேன். சிங்கப்பூரில் கிளினிக் வேலை என்பார் தாய். ஈஸ்டருக்கு வந்தவளுக்கு இடது கால் சாய்ந்திருந்தது. கழுத்து வெயிலில் கருகியிருந்தது. கிளினிக்குக்குள் ஏது வெயில்? ராணுவ ஆட்சியை எதிர்த்துத் துப்பாக்கியோடு காட்டுக்குப் போன பிள்ளைகள் இங்கே பலர். சந்தேகப்படுவது என் தொழில். முதல் அத்தியாயத்தில் குதிரைக்காரிக்கு அந்தக் காலைக் கொடுத்தேன். அழகுக்காக, அவள் தாய் வீட்டுப் பால்கனிக் கயிற்றில் ஆடும் சிவப்பு மணியையும் சேர்த்தேன். இங்கே கீழிருந்து கயிற்றை இழுத்தால் மேலே மணியடிக்கும்; காய்கறி பையில் ஏறும்.

[பெயர், கால், மாடி, நிறம் எல்லாம் இப்போது மாற்றியவை. அப்போது மாற்றவில்லை.]

3
இதழ் வந்த வாரம் மக்தலேனா கதவைத் தட்டினார். எழுதுகிறவனை இங்கே 'சயா' என்பார்கள்.

"எங்க மணியை ஏன் சயா கதையில கட்டினீங்க?"

"அது கற்பனைம்மா."

"நேத்து ஒருத்தன் இழுத்தான். 'அந்தச் செவப்பு மணி இதானா'ன்னு பர்மா பாஷையில கேட்டான்."

"வாசகரா இருக்கும்."

"தமிழ் தெரியாத வாசகரா? யாரோ படிச்சுச் சொல்லியிருக்காங்க." என்னை ஏற இறங்கப் பார்த்தார். "நீங்க இல்லியே?"

"சத்தியமா இல்லம்மா."

"எம் மக கிளினிக்ல ஊசி போடுறா. அப்படியே எழுதுங்க."

மேலே போய்க் கயிற்றைச் சுருட்டிக்கொண்டார். கிறிஸ்துமஸுக்கு இன்னும் மூன்று வாரம். அவள் வருவாள்.

4
முடிவு ஒன்று: மாடிப்படியில் அவளைப் பிடிக்கிறார்கள். (கோடிட்டு அடித்துவிட்டேன்.)

முடிவு இரண்டு: தோண்டியவர்கள் தெரியாமல் செய்த தவறை நான் தெரிந்தே செய்கிறேன். அம்போடு நிற்பவன் ஆண். பெயர் பிலிப். வலது கால் சாய்வு. ஓடைக்கு அக்கரையில், தாகேதாவில் வீடு, பச்சை மணி.

எழுதி முடித்துத் தேநீர் ஆற்றும்போதுதான் உறைத்தது. தாகேதாவில் அப்படி ஒருவன் இருந்தால்?

பிலிப்பையும் அடித்தேன்.

5
இவ்வளவு படித்துவிட்டீர்கள். நீங்கள் யாரென்று எனக்குத் தெரியாது. கிறிஸ்துமஸுக்குள் ஒருவர் உங்களிடம் சாதாரணமாகக் கேட்கலாம்: "அந்த மணி எந்த வீட்டில்?"

நீங்கள் சொல்லும் பதில்தான் முடிவு. அதை எனக்கு எழுத வேண்டாம்.