வெயிலம்மாவின் உலர்த்துகளம்

ஆற்றை ஒட்டி வளைந்து கிடந்த அந்நகரின் கீழ்த்திசையில் கதிரவன் மேலெழுந்து, மாடிச் சுவர்களின் ஈரத்தை மெல்லப் பருகி, தொழிற்கூடங்களின் புகையைப் பொன்னாக்கி, கரையோரத் தெருவின் கோடியில் விரிந்திருந்த உலர்த்துகளத்தில் வந்திறங்கும் காலைப்பொழுதில், வரிசை வரிசையான கொடிகளில் மருத்துவமனைப் படுக்கை விரிப்புகள் பாய்விரித்த மரக்கலக் கூட்டமென அசைந்தாடுவதைக் கண்டோர் எவரும், கற்றறிந்த நண்பரே, அதனை வெற்றுநிலம் என உரையார்.

ஆயினும் நகராண்மை மன்றம் அவ்வாறே உரைத்தது. அவ்விடத்தே குடிநீரேற்று நிலையம் எழுப்பக் கருதிய மன்றத்தார், உடையவளிடம் ஒரு சொல்லும் கேளாது, கட்டடமின்றிக் கிடந்த நிலத்தைக் கைக்கொண்டோம் என அறிவித்து, வேலி நட ஆள்களை அனுப்பினர். களத்தின் உடைமையாளோ, வானத்தை அண்ணாந்து நோக்கியே மழை வரும் வேளையைக் கூறவல்லவளாதலின் வெயிலம்மா எனத் தெருவாரால் அழைக்கப்பெற்றவள். கணவனை இழந்தபின் தனியளாய் நின்று வெளுப்புத்தொழிலை நடத்தி வந்தவள். வேலிக்கால் நட ஆள்கள் தோண்டிய முதற்குழியினுள் அவள் இறங்கி நின்று, "என்னையும் சேத்து மூடிட்டு வேலி போடுங்க" என்றாள். வந்தவர் திரும்பினர், வழக்கு நீதிமன்றம் ஏறிற்று.

களத்தை அடுத்த சிறுவீட்டில் வாழ்ந்த அவள் தங்கை, ஒவ்வொரு விசாரணைக்கும் உடன்சென்று, அக்காளின் சினம் எல்லை மீறும்போதெல்லாம் முந்தானையைப் பற்றி இழுத்து அமர்த்தினாள்.

நிலத்தை நேரிற் காண நடுவர் வந்த நாளிலோ மழை பெய்து ஓய்ந்திருந்தது. கொடிகள் வெறுமையாய்ச் சொட்டிக்கொண்டிருந்தன.

"காலியா இருக்கேம்மா?" என்றார் நடுவர்.

"மழைங்கய்யா. எல்லாத்தையும் உள்ள எடுத்து வெச்சிருக்கோம். வெயில் வரட்டும், அப்புறம் பாருங்க."

"எப்ப வரும்?"

"நீங்க ஒரு டீ குடிச்சு முடிக்கறதுக்குள்ள."

"வானமும் அம்மாவுக்குத்தான் சாட்சி சொல்லும் போல!" என மன்றத்தின் வழக்கறிஞர் நகைத்தார். நடுவர் நகையாது, தங்கை கொணர்ந்த நாற்காலியில் அமர்ந்தார். அவர் கையிலிருந்த தேநீர்க் குவளை ஒழியுமுன் முகில் விலகிற்று. பணியாளர் கூடையும் கையுமாய் ஓடிவர, களம் கண்ணெதிரே வெண்மையால் நிறைந்தது. நகைத்தவர், விரிப்புகளை முகத்தினின்று விலக்கி விலக்கி வெளியேறும் வழி தேடலானார். நாளும் புழங்கப்பெறும் நிலம் வெற்றுநிலம் ஆகாது. ஆகவே மன்றம் அதனைக் கைக்கொண்டதாய் அறிவித்தது செல்லாது என்று தீர்ப்பு வந்தது.

எனினும், நகருக்கு நீர் வேண்டியிருந்தது. நிலையத்திற்கு இடமும் வேண்டியிருந்தது. தோல்வியினாற் பாடம் கற்ற மன்றத்தார், அடுத்திருந்த தங்கையின் வீட்டை நோக்கித் திரும்பி, இம்முறை உரிய அறிவிப்புத் தந்து, மறுப்புக் கேட்டு, விலையும் உறுதிசெய்து, நூலிழை பிசகாது நடந்துகொண்டனர். தெருவார் சொல்லக் கேட்டே வெயிலம்மா இதனை அறிந்தாள்.

"ஏன்டி, என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல?"

பாத்திரங்களைச் சாக்கில் கட்டிக்கொண்டிருந்த தங்கை நிமிர்ந்தாள். "என்னக்கா சொல்றது? உன்கிட்ட தப்பா செஞ்சாங்க, ஜெயிச்சே. என்கிட்ட எல்லாம் சரியா செய்யறாங்களே."

அச்சொல்லில் குற்றச்சாட்டு ஒன்றும் இல்லை. அதனாலேயே அது அக்காளின் நெஞ்சில் ஆழ்ந்து தைத்தது. சாக்கின் வாயைத் தானே வாங்கி இறுகக் கட்டியவள், சொன்னாள்: "களத்துல தெக்குப் பாதி உனக்கு. வீட்டைக் கட்டிக்கோ."

"அதுக்கா இத்தனை வருஷம் கோர்ட்டுக்கு அலைஞ்சே?"

"அவங்க புடுங்க வந்தாங்க, குடுக்கல. நீ வாயத் தொறந்து கேக்கக்கூட இல்லையே."

தென்பாதியில் சுவர்கள் எழுந்தன. கொடிகள் பாதியாய்க் குறைந்தமையின், மருத்துவமனை தன் விரிப்புகளிற் பாதியை வேறிடத்திற்கு அனுப்பிற்று. பணியாளர் இருவர் வேறு வேலை தேடிச் சென்றனர். வெயிலம்மா அவர்களைத் தெருமுனைவரை சென்று வழியனுப்பி, தலைகவிழ்ந்து மீண்டாள். நிலம் எவருடையது என்பதை நடுவர் தெளிவுற உரைக்க வல்லார். அதனை எவருக்காகக் காத்து நின்றோம் என்பதையோ, காத்தவரும் காலம் கடந்தே அறிகின்றனர்.