வண்டி நிக்கட்டும்

1957-ல் கந்தர்வக்கோட்டை ரோட்டுக்கு பஸ் வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ஐந்தாம் வகுப்பு முடித்த செவந்தியை அந்த பஸ்ஸில் பள்ளிக்கூடம் அனுப்ப அவள் அப்பா அடைக்கலம் அரைமனதாகத்தான் சம்மதித்தார்.

"ஒரு நாள் நம்ம ஸ்டாப்புல எறங்காம விட்டாலும் படிப்பு அன்னைக்கோட சரி."

லீவு முழுக்கக் காத்தாயி மகளை மாட்டுவண்டியில் ஏற்றி இறக்கிப் பழக்கினாள். "மாடு நிக்காம தரையில கால் வைக்காத. பஸ்ஸும் அப்புடித்தான்."

ஓடும் வண்டியிலிருந்து குதிக்காதவர் ஊரில் யாரும் இல்லை. பார்த்தவர்கள் சிரித்தார்கள். "ஒம் மகளுக்குப் பல்லக்குதான் கட்டணும்போல," என்றான் பங்காளி ரெங்கசாமி.

முதல் நாள் சாயங்காலம் முந்திரிக்கொல்லை ஸ்டாப்பில் அடைக்கலமும் காத்தாயியும் காத்திருந்தார்கள். பஸ் வந்தது. வேகம் குறைந்தது, நிற்கவில்லை. அதே பஸ்ஸில் வந்த ரெங்கசாமி குதித்தான். செவந்தி கம்பியைப் பிடித்தபடி படியிலேயே நின்றாள்.

"குதி புள்ள," என்று அடைக்கலம் கூடவே ஓடினார்.

"குதிக்காத செவந்தி," என்று காத்தாயி கத்தினாள்.

செவந்தி அப்பாவைப் பார்த்தாள், தரையைப் பார்த்தாள். கையை எடுக்கவில்லை. கண்டக்டர் இரண்டு விசில் கொடுத்தார். பஸ் போய்விட்டது.

"முடிஞ்சுச்சு," என்றார் அடைக்கலம். "நாளையிலேருந்து ஆடு மேய்க்கட்டும்."

காத்தாயி ரெங்கசாமியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். குதித்தவன் கால் தடுக்கி உருண்டிருந்தான். எழுந்து உட்கார்ந்து, ரோட்டில் கிடந்த துண்டை எடுத்து உதறினான். வெள்ளைத் துண்டில் பின் டயர் ஏறிய தடம் குறுக்கே பதிந்திருந்தது.

"தோள்லதாண்ணே கெடந்துச்சு," என்றான்.

அடைக்கலம் அந்தத் துண்டை வாங்கி விரித்துப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

இருட்டும் நேரத்தில், அடுத்த ஸ்டாப்பிலிருந்து செவந்தி நடந்து வந்தாள். அப்பாவைக் கண்டதும் தள்ளியே நின்றாள்.

"வண்டி நிக்கலப்பா."

"பையக் குடு," என்று வாங்கிக்கொண்டு அவர் முன்னால் நடந்தார். மறுநாள் காலையில் அவரே மகளை பஸ் ஏற்றிவிட்டார்.

சாயங்காலம் பஸ் வந்தபோது அடைக்கலம் நடுரோட்டில் நின்றார். ஹாரன் அலறியது. அவர் நகரவில்லை. ஒரு முழத் தூரத்தில் பஸ் நின்றது.

"யோவ், சாகணுமா?" என்றார் டிரைவர்.

"எம் மக எறங்கணும்ங்க."

செவந்தி இறங்கினாள். இரண்டு காலும் தரையில் ஊன்றி, பஸ்ஸை விட்டு விலகி காத்தாயி பக்கம் போய்ச் சேர்ந்தாள். அதற்குப் பிறகுதான் அடைக்கலம் ஓரம் போனார்.