பெயர் சொல்லாத பதினோரு நாள்

வெறுநாட்களை எண்ணக் கூடாது என்பது முறை. காவல்காரி எண்ணிக்கொண்டுதான் இருந்தாள். ஒன்பதாவது நாள் காலையில் அவள் ஏரிக்கரை மேடையிலிருந்து இறங்கி வீட்டுக்குள் வந்தபோது, கணவன் கண்ணைத் திறக்காமலே கேட்டான்.

"என்ன காவக்காரி, உன் விருந்தாளிங்க வந்தாச்சா?"

"இன்னும் இல்ல, படகுக்காரரே."

"வழியில எங்கயாவது கல்யாணச் சாப்பாடு கிடைச்சிருக்கும். பந்தியில உக்காந்துட்டாங்க." சிரிக்கப் பார்த்தான். அது இருமலாக மாறி, வெகுநேரம் கழித்து அடங்கியது.

அவள் காய்ந்த ரொட்டியைத் தண்ணீரில் ஊறவைத்து அவன் உதட்டில் வைத்தாள். அவன் விழுங்கவில்லை. வெந்நீர் கொடுத்தால் இறங்கும். ஆனால் கொர்வால் ஊரில் எந்த வீட்டிலும் அடுப்பு எரியவில்லை.

ஆண்டின் முந்நூற்று நாற்பது நாட்களுக்கும் அங்கே பெயர் உண்டு. கடைசி நாளான வலை உலரும் நாள் முடிந்ததும் ஊர் நெருப்பை அணைத்துவிடும். ஏரிப் பக்கத்துச் சன்னல்களில் பாய் தொங்கும். செந்நாரைகள் திரும்பி வந்து தண்ணீரில் கால் வைக்கும்வரை ஆண்டு பிறக்காது. அதுவரை வருகிற பெயரில்லாத நாட்கள்தான் வெறுநாட்கள்; அப்போது யாரும் யாரையும் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். ஏரியைப் பார்க்கும் உரிமை காவல்காரி ஒருத்திக்குத்தான். அவள் கொம்பு ஊதினால் ஆண்டு பிறந்தது. சாட்சி கிடையாது, கேள்வி கிடையாது.

இறந்தவர்களுக்கு, அவர்கள் இறந்த நாள் ஒவ்வோர் ஆண்டும் வரும்போது விளக்கேற்றிப் பெயர் சொல்வார்கள். வெறுநாளில் இறந்தவர்களுக்கு அப்படி ஒரு நாளே வருவதில்லை.

படகுக்காரனின் அம்மா அப்படிப் போனவள். அதைப் பற்றி அவன் பேசியதே இல்லை. ஊரில் யார் வீட்டில் விளக்கேற்றினாலும், அன்றைக்கு அவனுக்குப் படகில் ஏதாவது வேலை இருக்கும்.

"நான் இன்னைக்குத் தாண்ட மாட்டேன்னு நினைக்கிறேன்" என்றான், சந்தைக்குப் போய்வருகிறேன் என்கிறவன் போல.

"பேசாம படுங்க."

"உன்னை ஒண்ணும் கேக்கல. சும்மா சொன்னேன்."

கொம்பை ஊதச் சொல்லி அவன் கேட்கவில்லை. அதுதான் அவளைப் பிடித்து உலுக்கியது.

மதியத்துக்குப் பிறகு வாசலில் நிழல் விழுந்தது. ரொட்டிக்காரி நின்றிருந்தாள். இரண்டு வெறுநாட்காலங்களாக அந்தப் படியை மிதிக்காதவள். அவற்றில் முதலாவதில், இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு, பத்து வயது மகளைக் காய்ச்சலில் கிடத்திவிட்டு மேடைக்கு ஓடிவந்து, படியில் தலையை முட்டிக்கொண்டு கேட்டவள். ஒரு தடவை ஊது, ஒரே ஒரு தடவை ஊது என்று. காவல்காரி அன்றைக்கு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். பிள்ளை அந்தியில் போனது. செந்நாரைகள் மறுநாள் விடியலில் வந்தன.

ரொட்டிக்காரி ஒரு துணிப்பொட்டலத்தை வாசற்படியில் வைத்தாள். "மெல்லிசாச் சுட்டு வச்சிருந்தது. சீக்கிரம் ஊறும்."

"உள்ள வாங்கக்கா."

"வேணாம்." தெருப் பக்கம் திரும்பிக்கொண்டாள். பிறகு சொன்னாள்: "நீ இன்னைக்கு ஊதினா, என் பொண்ணுக்கு ஏன் ஊதலன்னு நான் கேக்க மாட்டேன். அதைச் சொல்லத்தான் வந்தேன்."

"அக்கா..."

"கோவமா சொல்லல. நிஜமாவே கேக்க மாட்டேன்."

போய்விட்டாள். காவல்காரி பொட்டலத்தைப் பிரிக்காமல் மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ரொட்டிக்காரி திட்டியிருந்தால் தாங்கியிருக்கலாம் என்று தோன்றியது. திட்டியிருந்தால் கோபத்திலேயே எழுந்து போய் ஊதியிருக்கவும் கூடும்.

அந்தி சாய்கிற நேரத்தில் மேடை ஏறினாள். ஏரி அசையாமல் கிடந்தது. தூரத்தில், நாணல் திட்டுக்கு அப்பால், பறவைகள் இறங்கிக்கொண்டிருந்தன. இருபது, முப்பது. வெயில் பட்டு ஒவ்வொன்றும் சிவந்திருந்தது.

கை தானாகக் கொம்பை எடுத்தது. உதட்டில் வைத்தாள். கொம்பின் வாய் குளிர்ந்திருந்தது. சிவப்பாகத்தானே இருக்கின்றன. தண்ணீரில்தானே நிற்கின்றன. அவள் கண்ணைத் தவிர வேறு கண் இந்த ஊரில் ஏரியைப் பார்க்கவில்லை. அவள் செந்நாரை என்று சொன்னால் அவை செந்நாரைதான்.

ஆனால் கழுத்து குட்டையாக இருந்தது. இரண்டு ஆண்டுகளுக்கு முன்பும் இதே திட்டில், இதே வெயிலில், இதே வெள்ளைக் கொக்குகள் இப்படித்தான் சிவந்து நின்றன. அன்றைக்கு அவள் அவற்றைக் கொக்கு என்று சொன்னாள்.

சூரியன் இறங்கியதும் பறவைகள் ஒவ்வொன்றாக வெளுத்தன. அவள் கொம்பைக் கீழே வைத்தாள்.

வீட்டில் அவன் விழித்திருந்தான். மூச்சு தொண்டையிலேயே நின்று நின்று வந்தது. அவள் பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்தாள்.

"வந்துடுச்சுங்க" என்றாள்.

அவன் கண் அவள் முகத்தில் வெகுநேரம் நின்றது. "கொம்புச் சத்தம் கேக்கலையே."

அவள் போர்வையை இழுத்து அவன் தோளை மூடினாள்.

"இத்தனை வருஷமா என்கூட இருந்தும் ஒரு பொய் சொல்ல வரலையே உனக்கு." உதட்டோரம் லேசாக விரிந்தது. "சரி. வந்துடுச்சுன்னே வச்சுக்குவோம். அப்போ என் பேரச் சொல்லு, கேக்கலாம்."

அவள் வாயைத் திறந்தாள். பெயர் நாக்கின் நுனிவரை வந்தது. இருபத்தாறு ஆண்டுகளாக வெறுநாளில் ஒருவர் பெயரையும் சொல்லாத நாக்கு அது. அங்கேயே பிடித்து நிறுத்திவிட்டது. மறுபடி முயன்றாள். அதற்குள் அவன் கை கனத்துவிட்டது.

மறுநாள் அவனைப் புதைத்தார்கள். அடுத்த நாளும் ஏரி வெறுமையாகவே கிடந்தது. அதற்கடுத்த நாள் விடியலில் அவை வந்தன. நீண்ட கழுத்தும் அடர்ந்த சிவப்புமாக, பார்த்ததும் தெரிகிற மாதிரி, ஏரி முழுவதும் கால் வைத்தன. அவள் கொம்பை எடுத்து மூன்று முறை ஊதினாள். மூச்சு பிசகவில்லை.

ஊர் பாய்களைக் கிழித்து எறிந்தது. புகை எழுந்தது. தெருவெங்கும் பெயர்கள். புத்தாண்டில் முதலில் எதிர்ப்படுகிறவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும். அவர் பதிலுக்கு உங்கள் பெயரைச் சொல்வார். அப்போதுதான் இருவரும் ஆண்டுக்குள் வந்ததாகக் கணக்கு. அவள் யார் கண்ணிலும் படாமல் கொல்லை வழியாக வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

கதவு தட்டப்பட்டது. மறுபடியும் தட்டப்பட்டது. திறந்தாள்.

ரொட்டிக்காரி இம்பெரா, புது நெருப்பில் பற்றவைத்த விளக்கோடு நின்றிருந்தாள். காவல்காரியின் பெயர் செல்மார். அதைத்தான் அவள் சொல்ல வேண்டும்.

"ஓர்வேன்" என்றாள் இம்பெரா.

படகுக்காரனின் பெயர்; அன்றிரவு செல்மாரின் நாக்கு நுனியில் நின்றுபோனது. அவள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள். தெருவில் ஆட்கள் போய்க்கொண்டிருந்தார்கள். ஒருவர் நின்று திரும்பிப் பார்த்தார். இம்பெரா நகரவில்லை. பதில் வரும்வரை நகர்கிற மாதிரியும் இல்லை.

செல்மார் நாக்கை நனைத்துக்கொண்டாள். இந்த ஆண்டு அவள் வாயிலிருந்து வருகிற முதல் பெயர்.

"இத்தெலை" என்றாள், காய்ச்சலில் போன பிள்ளையின் பெயரை.

இம்பெரா விளக்கை முன்னே நீட்டினாள். செல்மார் கை நீட்டி அதைச் சேர்த்துப் பிடித்தாள்.