யசோதினி துடைத்த முகம்

ரூ லூயி-பிளாங் என்ற தெருவில் இருக்கும் எங்கள் போட்டோ ஸ்டூடியோவுக்கு யாரும் என்னைத் தேடி வருவதில்லை. என் மனைவி யசோதினியைத் தேடித்தான் வருகிறார்கள். நான் எடுத்துக் கொடுக்கும் முகத்தை அவள் கணினியில் போட்டு, மருவைத் துடைத்து, சுருக்கத்தை நீவி, நிறத்தை இரண்டு படி ஏற்றிவிடுவாள். பெரியபிள்ளையானவளின் சாமத்தியச் சடங்கானாலும் சரி, அறுபதாம் கலியாணமானாலும் சரி, கேட்காமலே செய்துகொடுப்பதுதான் இங்கே வழக்கம். செய்யட்டுமா என்று கேட்டால் கோபிப்பார்கள்.

2012 வைகாசியில் ஒரு வெள்ளைக்கார முதியவர் வந்தார். பெயர் மொசியே ரெமோன், வயது எண்பத்தொன்பது. பக்கத்துத் தெருத் தியேட்டரில் விழாவாம். சுவரொட்டிக்குப் படம் வேண்டும், மாலையே அச்சுக்குப் போகவேண்டும் என்றார். எடுத்தேன். இரண்டு மணித்தியாலத்தில் வரச் சொன்னேன்.

அவர் விட்டுப்போன விழா அழைப்பிதழைப் பிறகுதான் வாசித்தேன். ஐம்பதுகளில் தொடங்கி நாற்பத்தொரு கறுப்பு வெள்ளைப் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர். விழாவே அவருக்குத்தான். நிழலுக்குப் பேர்போன மனிதராம்! உள்ளே ஓடினேன்.

"யசோ, அந்த ஐயாவின்ரை படத்தைத் தொட்டிடாதை!"

"முடிச்சிட்டன். வடிவா வந்திருக்கு, பாருங்கோ."

திரையில் ஐம்பது வயது ஆள் சிரித்துக்கொண்டிருந்தார்.

"முதல் எடுத்தது எங்கை?"

"அதுக்கு மேலைதான் சேவ் பண்ணினனான். ஏன் கத்துறியள்?"

கொல்லன் தெருவில் ஊசி விற்றிருக்கிறோம். அதற்குள் கிழவரும் வந்துவிட்டார்.

படத்தை ஜன்னலோரம் கொண்டுபோய் நெடுநேரம் பார்த்தார். "மன்னியுங்கள், இன்னொன்று எடுத்துத் தருகிறேன்" என்றேன் பிரெஞ்சில்.

"இதைச் செய்தது யார்?"

பயமென்பதே அறியாத யசோதினி முன்னால் வந்தாள். "நான்தான். பிடிக்கவில்லையா?"

கிழவர் கதிரையில் உட்கார்ந்தார். "ஐம்பது வயது நடிகையை முப்பதாக்க, லென்சின்மேல் பட்டுக் காலுறையை இழுத்துக் கட்டுவேன். கழுத்தை நிழலில் ஒளிப்பேன். எத்தனையோ பேருக்குச் செய்தேன். எனக்கு ஒருவரும் செய்ததில்லை, மதாம்."

அவருக்குக் கண் கலங்கியிருந்தது. எனக்கும்தான், சொல்ல என்ன வெட்கம். அந்தப் படமே அச்சுக்குப் போனது.

விழாவுக்கு எங்களையும் அழைத்திருந்தார். போனால் வாசலில் தகராறு. காவலாளி அவரை உள்ளே விடவில்லை. கிழவர் சுவரொட்டியைக் காட்டி, "அது நான்தான்" என்கிறார். காவலாளி சுவரொட்டியைப் பார்த்தார், கிழவரைப் பார்த்தார். பிறகு வெகு மரியாதையாகக் கேட்டார்:

"நீங்கள் அவருடைய அப்பாவா?"

கிழவருக்கு வந்த சந்தோஷத்தைப் பார்க்கவேண்டுமே! யசோதினியின் கையைப் பிடித்துக் குலுக்குக் குலுக்கென்று குலுக்கினார். "பார்த்தீர்களா மதாம், வேலையென்றால் இது!"

பிறகு காவலாளியிடம் திரும்பி, "ஆமாம், அப்பாதான். மகன் பின்னால் வருகிறான்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.