இடியோபதிக்னா என்னக்கா?

ஆஸ்பத்திரியின் கீழ்த்தளத்தில், மருந்துக் கடைக்கும் லிஃப்ட்டுக்கும் நடுவில் ஒரு மேசை உண்டு. ரிப்போர்ட்டை வாங்கிக்கொண்டு முகம் வெளுத்து வருகிறவர்கள் அங்கேதான் உட்காருவார்கள். மாடியில் டாக்டர் சொன்னதைக் கீழே மனுஷ பாஷையில் சொல்வது அந்த மேசைக்காரியின் வேலை. நர்ஸுகள் கேலியாக அவளுக்கு வைத்த பெயர் அர்த்தம் அக்கா. போகப்போக டாக்டர்களும் அப்படியே கூப்பிட, சொந்தப் பெயர் சம்பளச் சீட்டில் மட்டும் மிஞ்சியது.

மேசைக்கு இரண்டு விதிகள். எந்தச் சொல்லையும் அர்த்தம் சொல்லாமல் விடக் கூடாது. சொன்ன பிறகு, எதிரே இருப்பவர் அதைத் தன் வாயால் திருப்பிச் சொல்லும்வரை எழுந்து போகவிடக் கூடாது. தலையாட்டினால் போதாது. பயந்துபோனவன் எதற்கும் தலையாட்டுவான் என்பது அவள் அனுபவம்.

இந்த விதிகளுக்குள் அடங்காமல் பல வருஷமாக அவளுக்குத் தண்ணி காட்டிவந்த சொல் ஒன்று இருந்தது: இடியோபதிக். கிரேக்கத்திலிருந்து வந்தது. இடியோஸ் என்றால் தனக்கே உரியது, பாத்தோஸ் என்றால் துன்பம். இரண்டையும் சேர்த்தால், வேறெங்கிருந்தும் வராமல் தானாகவே உண்டான நோய். கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் டாக்டர்கள் அதை எப்போது எழுதுகிறார்கள் என்று பார்த்தால் குட்டு வெளிப்பட்டுவிடும். ரத்தம் பார்த்து, படம் எடுத்து, சதையைக் கிள்ளிச் சோதித்து, தெரிந்த காரணங்களை ஒவ்வொன்றாகத் தள்ளிவிட்டு, கடைசியில் கையில் ஒன்றும் மிஞ்சாதபோது எழுதுகிற சொல் அது. 'தெரியவில்லை' என்பதற்குக் கோட்டும் டையும் மாட்டிவிட்டால் இடியோபதிக். இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. தெரியாததைத் தெரியாது என்று சொல்வது நேர்மைதான். அதை எல்லோருக்கும் விளங்குகிற மாதிரி சொல்லித் தொலைத்தால் என்ன என்பதுதான் அவள் கேள்வி.

சொல்லியும் பார்த்தாள். "காரணம் தெரியலங்க" என்றதும் ஒரு நோயாளியின் மாமனார் நாற்காலியைத் தூக்கிவிட்டார். "இத்தனை டெஸ்ட் எடுத்துட்டுத் தெரியலயா? எங்க தலைல மிளகாய் அரைக்கிறீங்களா?" அன்றைக்கே மேலதிகாரி உத்தரவு போட்டார். இந்த மேசையில் 'தெரியாது' என்ற வார்த்தையே வரக் கூடாது, 'உடம்புக்குள்ளேயே உண்டான நோய்' என்று சொன்னால் போதும். பொய் என்றும் சொல்ல முடியாது, முழு உண்மை என்றும் சொல்ல முடியாது. அவளும் அதற்குப் பழகிப்போனாள். கேட்டவர்கள் திருப்பிச் சொன்னார்கள், எழுந்து போனார்கள்.

பிறகு அந்தச் சொல் அவள் குடும்பத்துக்குள்ளேயே நுழைந்தது.

அவள் தம்பி ஒரு பள்ளிக்கூடத்தில் விளையாட்டு வாத்தியார். அவன் விசில் ஊதினால் மைதானமே நிற்கும். அந்த விசிலை ஊத மூச்சு பத்தவில்லை என்றுதான் முதலில் சொன்னான். அப்புறம் மாடிப்படி ஏற முடியவில்லை. அப்புறம் சட்டைக்குப் பட்டன் போடுவதற்கே இளைத்தது. நுரையீரல் தழும்பேறிக் கெட்டிப்பட்டுக்கொண்டே போகிறது என்றார் டாக்டர். பழையபடி ஆகாது, கொஞ்சம் தள்ளிப்போடலாம், அவ்வளவுதான். ரிப்போர்ட்டில் நோயின் பெயருக்கு முன்னால் அந்தச் சொல் நின்றது.

தம்பி மனைவி வீட்டிலேயே தலையணையும் மெத்தையும் தைத்து விற்பவள். கூடத்தின் நடுவில் தையல் மெஷின், அதைச் சுற்றிப் பஞ்சு மூட்டைகள். எங்கள் வீட்டுச் சோற்றில்கூட ஒரு இழை பஞ்சு இருக்கும் என்று தம்பியே சொல்லிச் சிரிப்பான். வியாதி வந்தபின் அந்தச் சிரிப்பு நின்றுவிட்டது. பார்க்க வந்தவர்கள் எல்லாம் முதலில் மூட்டையைப் பார்த்தார்கள், பிறகு அவனைப் பார்த்து உச்சுக் கொட்டினார்கள். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா. ஒருநாள் அவன் மனைவியோடு பேசுவதையே நிறுத்திவிட்டான். எது வேண்டுமானாலும் மகளிடம் சொல்லுவான். "தண்ணி வேணும்னு உங்கம்மாகிட்ட சொல்லு." அந்த அம்மா இரண்டடி தள்ளி நின்றுகொண்டிருப்பாள்.

அவள் மெஷினை மூடினாள். மூட்டைகளை வந்த விலைக்குத் தள்ளினாள். சுவர், ஜன்னல், கட்டிலுக்கு அடி என்று ஈரத்துணியால் துடைத்துக்கொண்டே இருந்தாள். புருஷனைத் தானே கொன்றுகொண்டிருப்பதாக அவளும் நம்பிவிட்டாள். தம்பி பிழைக்கப் போவதில்லை என்று அர்த்தம் அக்காவுக்குத் தெரியும். இருக்கப்போகிற கொஞ்ச நாளாவது இரண்டு பேரும் முகம் பார்த்து இருக்க வேண்டும் என்பதுதான் அவள் ஆசை.

"டேய், அவ மூஞ்சியப் பாத்துப் பேசுடா. டாக்டர் பஞ்சுன்னு சொன்னாரா?"

"இல்லன்னும் சொல்லலயே." அவன் இரண்டு மூச்சு வாங்கிக்கொண்டான். "ஊருக்கெல்லாம் அர்த்தம் சொல்றவதானே நீ. இடியோபதிக்னா என்னக்கா?"

மேசை அங்கே இல்லை, மேலதிகாரியும் இல்லை. அவள் உள்ளதைச் சொன்னாள். "காரணம் தெரியலன்னு அர்த்தம். தெரிஞ்ச காரணம் ஒண்ணும் உனக்குப் பொருந்தல."

"அப்போ தெரியாத காரணம் பஞ்சா இருக்கலாம்ல?"

அந்தச் சொல்லின் சள்ளையே அதுதான். அது யாரையும் குற்றம் சொல்லாது, யாரையும் விடுதலையும் செய்யாது.

அடுத்த முறை போனபோது அவள் ஒரு முடிவோடு போனாள். ரிப்போர்ட்டை மடியில் விரித்து வைத்துக்கொண்டு, மேசையில் பேசுகிற அதே நிதானக் குரலில் ஆரம்பித்தாள்.

"பெரிய டாக்டரை மறுபடி பாத்துக் கேட்டேன்டா. இடியோபதிக்னா உடம்புக்குள்ளேயே உண்டானதுன்னு அர்த்தம். பொறக்கும்போதே இருக்கறது. நமக்கு அப்பா வழியா வந்திருக்கு. கடைசில அவரு எப்படி மூச்சுக்குத் தவிச்சாரு, ஞாபகம் இருக்குல்ல?"

அப்பாவைக் கொண்டுபோனது சிகரெட். அது இரண்டு பேருக்கும் தெரியும். ஆனால் பிடித்துக்கொள்ள ஒரு கொம்பு கிடைக்காதா என்று தவிக்கிறவன் மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடத் தயங்கமாட்டான். செத்தவர் எழுந்து வந்து சண்டை போடப் போவதில்லை என்று அவளும் தைரியமாகச் சொன்னாள்.

"எங்க, திருப்பிச் சொல்லு." பழக்கதோஷம்.

"அப்பாகிட்டேருந்து வந்தது."

"அப்புறம்?"

"பஞ்சால வரல" என்றான். பிறகு சமையலறைப் பக்கம் திரும்பி, அத்தனை நாளுக்குப் பிறகு நேராகக் கூப்பிட்டான். "இங்க வாயேன். குடிக்கத் தண்ணி கொண்டா."

தம்ளர் வந்து சேர்வதற்குள் பாதித் தண்ணீர் தரையில் சிந்திவிட்டது. அவன் குடித்துவிட்டு மனைவியின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டான். அர்த்தம் அக்கா செருப்பைத் தேடுகிற சாக்கில் வெளியே போய் நின்று அழுதாள்.

கொஞ்ச நாள் நன்றாகவே போயிற்று. மனைவி ஊட்டினால் சாப்பிட்டான். அவள் தோளைப் பிடித்துக்கொண்டு குளியலறைக்குப் போனான். உப்பு கம்மி, காரம் ஜாஸ்தி என்று பழையபடி சண்டை பிடித்தான். தான் சொன்ன பொய்யைப் பற்றி அர்த்தம் அக்காவுக்கு உள்ளுக்குள் பெருமைகூட இருந்தது. அந்த ஆஸ்பத்திரியில் யாரும் தராத மருந்து அல்லவா.

ஒரு மத்தியானம் அவள் போனபோது தம்பி மகள் கூடத்தில் நாற்காலியில் சாய்ந்து சும்மா உட்கார்ந்திருந்தாள். பதினோரு வயசு. பள்ளிக்கூட ஓட்டப்பந்தய அணியில் அவளை முந்த ஆளில்லை. கால் தரையில் நிற்காத பெண்.

"என்னடி, இன்னிக்கு பிராக்டிஸ் இல்லயா?"

"அப்பா இனிமே போகவேணாம்னுட்டாரு அத்தை." பெண் மெதுவாக, ஒவ்வொரு சொல்லாகப் பேசினாள். "எனக்கும் தாத்தா நுரையீரல்தானாம். மூச்சைச் செலவு பண்ணாம வச்சுக்கணுமாம்."

பிள்ளையார் பிடிக்கப் போய்க் குரங்காக முடிந்திருந்தது. அர்த்தம் அக்கா பொய்யைத் தம்பியோடு நிறுத்திவிடலாம் என்று நினைத்தாளே தவிர, வழிவழியாக வருகிற நோய் அவனோடு நிற்குமா என்று அவள் யோசிக்கவே இல்லை.

சமையலறையில் தம்பி மனைவி காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். "அவரு கண்ண மூடறதே இல்ல அண்ணி. தூங்கற பிள்ளை முதுகுல காதை வச்சுக் கேட்டுக்கிட்டே இருக்காரு. அது இருமினா போதும், குலுங்கிக் குலுங்கி அழறாரு. பெத்தே இருக்கக் கூடாதுன்னு நேத்து சொல்றாரு."

"நான் சொன்னது பொய்மா." அர்த்தம் அக்கா சுவரில் சாய்ந்துகொண்டாள். "அப்பா வழின்னு எந்த டாக்டரும் சொல்லல. நானாத்தான் சொன்னேன்."

கத்தி நின்றது. "அப்போ பஞ்சுதானா?"

"அதுவும் இல்ல. யாருக்கும் தெரியாது. தெரியாதுங்கறதுதான் அந்த வார்த்தைக்கு அர்த்தமே. இரு, நானே போய் அவன்கிட்ட சொல்லிடறேன்."

தம்பி மனைவி வழியை மறித்தமாதிரி நின்றாள். "என்னன்னு சொல்வீங்க? தெரியாதுன்னா? பிள்ளைக்கு வருமான்னு கேப்பாரு. அதுக்கும் தெரியாதுன்னுதானே சொல்லணும்?"

அர்த்தம் அக்கா எடுத்து வைத்த காலைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள்.

"தெரியாதுன்னு சொன்னா அவரு பயம் போகாது அண்ணி. அவருக்கு ஏதாச்சும் ஒண்ணு வேணும்." அவள் கத்தியைக் கழுவி வைத்தாள். கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள். அர்த்தம் அக்கா பின்னால் ஓடினாள். கூடத்து நாற்காலியில் இருந்த பெண்ணும் எழுந்து வந்து கதவோரம் நின்றாள்.

"என்னங்க" என்றாள் தம்பி மனைவி. குரல் நடுங்கவே இல்லை. "அண்ணி உங்ககிட்ட பொய் சொல்லிட்டாங்க. மாமாவுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. என் பஞ்சுதான். டாக்டர் அன்னிக்கே சொல்லிட்டாராம். என்மேல இரக்கப்பட்டு மறைச்சிருக்காங்க. நம்ம பிள்ளைக்கு ஒண்ணும் வராது. மூட்டையெல்லாம்தான் எப்பவோ போயிடுச்சே."

தம்பி தன் மனைவியைப் பார்த்தான். பிறகு அக்காவைப் பார்த்தான்.

"அப்படியாக்கா?"

அர்த்தம் அக்காவுக்கு உண்மை தெரியும். அதை ஒரே வரியில் சொல்லவும் தெரியும். அந்த ஒரு வரி மனைவியையும் காப்பாற்றாது, மகளையும் காப்பாற்றாது என்பதும் தெரியும். தம்பி மனைவி அவள் பக்கம் திரும்பவில்லை. கட்டில் சட்டத்தைப் பிடித்திருந்த விரல்கள் மட்டும் வெளுத்திருந்தன.

"ஆமாடா" என்றாள்.

முதலில் அவன் முகம் தெளிந்தது. அவ்வளவு நிம்மதியை அந்த முகத்தில் வியாதி வந்த நாளாக அவள் பார்த்ததில்லை. "பாப்பா, நீ போம்மா. போய் ஓடு" என்றான். பிறகு மனைவிக்கு முதுகு காட்டித் திரும்பிப் படுத்துக்கொண்டான்.

கூடத்துக்கு வந்ததும் அர்த்தம் அக்கா தம்பி மனைவியின் கையைப் பிடித்தாள். "ஏம்மா இப்படிப் பண்ணினே?"

"அவரு போயிடுவாரு அண்ணி. அது ஓடணும்ல."

தம்பி அதற்குப் பிறகு ரொம்ப நாள் இருக்கவில்லை. இருந்தவரை, மகள் ஓடிவிட்டு வேர்வையோடு வந்து நின்றால் சிரித்தான். மனைவி கையால் ஒரு வாய் வாங்கவில்லை.

காரியமெல்லாம் முடிந்து வந்தவர்கள் கலைந்தபின், தம்பி மனைவி மகளைத் தலை வாரிவிடக் கூப்பிட்டாள். பெண் போகவில்லை. சீப்பை எடுத்துக்கொண்டு அத்தைக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"அம்மாகிட்ட போடி கண்ணு."

"மாட்டேன். அப்பா செத்தது அம்மாவாலதானே?"

அர்த்தம் அக்கா பதறிப்போய் அவள் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துத் திருப்பினாள். "இல்லடி. சத்தியமா இல்ல. எதனால வந்துச்சுன்னு யாருக்குமே தெரியாது. டாக்டருக்கே தெரியாது."

பெண் அவள் கைகளை விலக்கினாள்.

"அன்னிக்கு அப்பா கேட்டப்போ நீங்கதானே அத்தை, ஆமான்னு சொன்னீங்க?"