சந்தேகத்துக்கு அப்பாற்பட்டவர்

வங்கிகளைக் கண்காணிக்கும் அரசு அலுவலகத்தில் அவள் அதிகாரி. வங்கிகளுக்குப் போய், அவர்கள் நீட்டும் காப்பியைத் தொடாமல், கணக்கைத் தோண்டிப் பார்ப்பது வேலை. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அப்பா விட்டுப்போன வீட்டில் மாடியில் அவள், கீழே தம்பி குடும்பம். சாப்பாடு கீழேதான். தம்பி அட்டைப்பெட்டி செய்யும் சின்னத் தொழிற்சாலை வைத்திருந்தான். செருப்பிலிருந்து மருந்து வரை எல்லாப் பெட்டியும் அங்கே மடிந்தது. தம்பி மனைவிக்கு வாய் கொஞ்சம் நீளம், ஆனால் கை தாராளம். நாத்தனாருக்கென்று எடுத்து வைக்காமல் அவள் ஒருநாளும் சாப்பிட்டதில்லை.

அந்த வருஷம் அவளை ஆய்வுக்கு அனுப்பிய வங்கியில் பாதிக்கு மேல் பங்கு ஒரு வெளிநாட்டு வங்கியிடம் இருந்தது. அந்தப் பெரிய பெயரை நம்பித்தான் ஊரே அங்கே பணம் போட்டது. தம்பியும் போட்டிருந்தான். தொழிற்சாலையின் வரவு செலவு, வாடிக்கையாளர்கள் கொடுத்த முன்பணம், தொழிலாளர்களுக்கென்று ஒதுக்கிய தொகை, எல்லாம் அங்கேதான்.

போன மூன்றாம் நாளே ஓட்டை தெரிந்துவிட்டது. வெளிநாட்டு வங்கியிடம் வாராவாரம் புதுப்பிக்கும் கடனாக வாங்கி, அதை நீண்டகாலக் கடன் பத்திரங்களில் முடக்கியிருந்தார்கள். உலகச் சந்தையில் வட்டி ஏற ஏறப் பத்திரங்களின் விலை விழுந்துகொண்டே இருந்தது. விற்றால்தானே நஷ்டம் என்று கணக்கில் பழைய விலையையே காட்டிவந்தார்கள். வெளிநாட்டு வங்கி என்றைக்குக் கடனைத் திருப்பிக் கேட்கிறதோ, அன்றைக்கு இந்த வங்கியின் கதை முடிந்தது.

அவளுடைய மேலதிகாரிக்கு அலுவலகத்தில் 'நிதானம்' என்று பெயர். கூரை பற்றி எரிந்தாலும் நிதானமா இருங்க என்பார். அவள் எடுத்துச் சொன்னதையெல்லாம் கேட்டு முடித்தவர் அன்றைக்கு அந்த வார்த்தையைச் சொல்லவில்லை. கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார். வாரக் கடைசியில் வங்கியை மூடி அரசு ஏற்றுக்கொள்ளும், அதுவரை ஒரு மூச்சு வெளியே போனாலும் வேலையும் போகும், ஜெயிலும் உண்டு என்றார். அவர் மிரட்டியிருக்க வேண்டியதில்லை. ஒருத்தர் காதில் விழுந்தால் மறுநாள் வாசலில் வரிசை நிற்கும், அந்த வரிசையைப் பார்த்து நல்ல வங்கிகளின் வாசலிலும் கூட்டம் சேரும் என்பது அவளுக்கே தெரியும். வாயை மூடிக்கொள்வது இந்த வேலையில் பாதி என்று நம்பியிருந்தவள் அவள்.

புதன்கிழமை சாயங்காலம் கீழே அவள் தன் தட்டைக் கழுவிக்கொண்டிருந்தபோது தம்பி சமையலறை வாசலில் வந்து நின்றான். கொஞ்ச நேரம் கதவுச் சட்டத்தைச் சுரண்டினான். மருந்துக் கம்பெனிக்காரர் ஒருவர், அந்த வங்கியை வெளிநாட்டுக்காரன் கைகழுவப்போகிறான் என்று அவன் காதில் போட்டிருந்தார்.

"அக்கா, இத்தனை வருஷத்துல உன் ஆபீஸ் விஷயம் எதுவும் நான் கேட்டதில்ல. இப்ப ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். அங்க இருக்கறதை எடுத்துடட்டுமா?"

அடுப்புப் பக்கம் தம்பி மனைவி கரண்டியால் கிளறாமல் அப்படியே பிடித்திருந்தாள். அவளுடைய அண்ணன் வியாபாரிகள் சங்கத்தில் இருப்பவர். இங்கே ஒரு முகம் மாறினால் போதும், பொழுது விடிவதற்குள் சங்கம் முழுக்கத் தெரிந்துவிடும். அக்கா குழாயை மூடினாள். கையைத் துடைத்துக்கொண்டாள்.

"இருக்கட்டும்டா. எதுக்கு இப்ப அவசரப்படுற?"

அவன் முகம் தெளிந்துவிட்டது. அதைப் பார்க்க முடியாமல் அவள் மாடிக்குப் போய்விட்டாள். படியில் ஏறும்போதே, திரும்பி இறங்கிவிடலாமா என்று கால் தயங்கியது. இறங்கவில்லை.

மறுநாள் வெளிநாட்டு வங்கி தன் கடனைக் கடைசிக் காசு வரை வாங்கிக்கொண்டு கிளம்பியது. சனிக்கிழமை காலை வங்கியின் இரும்புக் கதவில் அறிவிப்பு ஒட்டப்பட்டது. பொதுமக்கள் பயப்படத் தேவையில்லை என்று வானொலி மணிக்கொரு தரம் சொன்னது. சின்னச் சேமிப்புகளுக்குக் காப்பீடு உண்டு. அந்த வரம்புக்கு மேல் வைத்திருந்தவர்கள், வங்கியின் சொத்தை விற்று என்ன தேறுகிறதோ அதற்குக் காத்திருக்க வேண்டும். தம்பியின் கணக்கு அந்த வரம்பைத் தாண்டி எங்கேயோ இருந்தது.

முதல் மாதச் சம்பளத்தை மனைவியின் நகையை விற்றுக் கொடுத்தான். இரண்டாவது மாதம் வெட்டும் இயந்திரம் விலைக்குப் போனது. முன்பணம் கொடுத்தவர்கள் வீட்டு வாசலுக்கே வந்து உரத்த குரலில் பேசினார்கள். மாடி ஜன்னல் வழியாக அவள் ஒவ்வொரு வார்த்தையையும் கேட்டாள்.

தம்பி மாடிக்கு வந்தது அதற்குப் பிறகுதான். உட்காரச் சொன்னாள். அவன் நின்றுகொண்டே பேசினான்.

"அன்னிக்கு நான் கேட்டப்ப உனக்குத் தெரியுமா?"

"தெரியும்."

அவன் தலையாட்டினான். அதை எதிர்பார்த்துத்தான் வந்திருந்தான். "நீ சொல்லக் கூடாதுன்னு எனக்கும் புரியுது. ஆனா 'என்கிட்ட கேக்காத'ன்னு சொல்லியிருக்கலாமே அக்கா. நான் புரிஞ்சுக்கிட்டிருப்பேன்."

"அதனாலதான் சொல்லல" என்றாள்.

அவன் படியிறங்கிப் போனான். மறுநாள் அவள் சாப்பிடக் கீழே போனபோது தட்டு வைத்தார்கள், சோறும் போட்டார்கள். ஆனால் யாரும் கூட உட்காரவில்லை. அதற்கடுத்த நாளிலிருந்து அவள் மாடியிலேயே சமைத்துக்கொண்டாள்.

மூடுவதற்கு முந்தைய நாட்களில் யார் யாரோ பெரும் தொகைகளை எடுத்திருக்கிறார்கள் என்ற செய்தி பத்திரிகையில் வந்தது. உள்ளே இருந்து யாரோ சொல்லியிருக்க வேண்டும். ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் தலைமையில் விசாரணைக் குழு அமைத்தார்கள். விஷயம் தெரிந்திருந்த அதிகாரிகளையும், அந்த வங்கியில் கணக்கு வைத்திருந்த அவர்கள் உறவினர்களையும் வரச் சொன்னார்கள்.

தம்பி தேய்த்த சட்டை போட்டுக்கொண்டு வந்தான். அந்தச் சட்டை இப்போது அவனுக்குத் தொளதொளவென்று இருந்தது. அக்காவை எதிர் நாற்காலியில் உட்கார வைத்தே அவனைக் கேட்டார்கள். அவன் ஒரு பொய் சொன்னால் போதும், அவள் வேலை அன்றோடு முடிந்தது.

"வங்கி மூடப்போறதைப் பத்தி உங்க அக்கா ஏதாவது சொன்னாங்களா?" என்று நீதிபதி கேட்டார்.

"எடுத்துடட்டுமான்னு நான்தான் கேட்டேன் ஐயா. வேண்டாம், இருக்கட்டும்னு சொன்னாங்க."

"நீங்க எடுக்கல?"

"எங்க அக்கா சொன்னா நான் ஏன் எடுக்கப்போறேன்?"

அவனுக்கு எவ்வளவு போயிற்று என்று கேட்டுக் குறித்துக்கொண்டார்கள். நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவள் பக்கம் திரும்பி, கனிவாகவே பேசினார். "உங்க மேல சந்தேகத்துக்கே இடமில்லம்மா. உங்க தம்பியோட நஷ்டமே உங்களுக்கு நற்சான்றிதழ். உங்களை மாதிரி நாலு பேர் இருந்தா நாடு உருப்படும்."

தம்பி சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். பயணப்படி உண்டு, கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொள்ளுங்கள் என்று குமாஸ்தா சொன்னார். அவன் வாங்கிக்கொண்டான். வாங்கித்தான் ஆகவேண்டிய நிலைமை அவனுக்கு.

பெரும் தொகை எடுத்தவர்களில் நிதானத்தின் மருமகனும் ஒருவர். வீடு கட்டுவதற்காக எடுத்தேன் என்றார். மனை இருக்கிறதா என்று கேட்டார்கள், இருந்தது. மாமனார் சொன்னார் என்பதற்குச் சாட்சி இல்லை. குழு வருத்தம் தெரிவித்துவிட்டுக் கலைந்தது. நிதானம் மாலை மரியாதையோடு ஓய்வு பெற்று, அடுத்த மாதமே அந்த வெளிநாட்டு வங்கிக்கு ஆலோசகராகப் போனார். அவர் உட்கார்ந்திருந்த நாற்காலியை அவளுக்குக் கொடுத்தார்கள். வேண்டாம் என்று சொல்ல நினைத்தாள். சொன்னால் தம்பிக்குப் பணம் திரும்பிவிடுமா என்றும் நினைத்தாள். கடைசியில் வாங்கிக்கொண்டாள்.

தொழிற்சாலையை மூடிய பிறகு, தொழிலாளர்களுக்குக் கொடுக்க வேண்டிய பாக்கி மட்டும் மிச்சம் இருந்தது. அதை வைத்துக்கொண்டு அவனால் தூங்க முடியவில்லை. தன் சேமிப்பைத் தருகிறேன் என்று அவள் சொல்லி அனுப்பினாள், அவன் வேண்டாம் என்றான். வீட்டை விற்கலாம், அதில் என் பாதி எனக்குப் போதும் என்றான். அவள் சம்மதித்தாள்.

பத்திரப்பதிவு அலுவலகத்தில் கூட்டம். அக்கா, தம்பி, தம்பி மனைவி மூவரும் ஒரே பெஞ்சில் முறைக்குக் காத்திருந்தார்கள். பழைய தொழிலாளி ஒருவர் போனில் கூப்பிட, தம்பி எழுந்து வெளியே போனான். இன்றைக்கு வந்துவிடும், எல்லாருக்கும் சொல்லிவிடுங்கள் என்று அவன் சொல்வது கேட்டது. அவன் குரலில் பல மாதங்களாக இல்லாத தெம்பு.

தம்பி மனைவி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, நேராகப் பார்த்தபடியே சொன்னாள்.

"அண்ணி, அவர் இன்னிவரைக்கும் உங்களைப் பத்தி ஒரு வார்த்தை தப்பாப் பேசல. நான் பேசினாலும் விடமாட்டார். அதை மன்னிப்புன்னு நெனச்சுக்காதீங்க. அவருக்கு உங்களைப் பத்திப் பேசவே பிடிக்கல."

உள்ளே கூப்பிட்டார்கள். தம்பி வந்து, அக்கா முதலில் போகட்டும் என்று கதவைப் பிடித்துக்கொண்டு நின்றான். கையெழுத்துப் போட்டார்கள், விரல் பதித்தார்கள். வாங்கியவர் கொடுத்த காசோலையை அவன் இரண்டு முறை படித்துப் பார்த்தான். எந்த வங்கியின் காசோலை என்று பார்க்கிறான் என்பது அவளுக்குப் புரிந்தது. அவளிடம் எதுவும் கேட்காமல், எதிர்ச் சாரியில் இருந்த, காசோலைக்குரிய வங்கியின் கிளைக்கு மனைவியோடு வேகமாக நடந்தான், அது மூடுவதற்குள் பணமாக்கிவிட.